27 வயதில் அப்பா வேஷம்: நடிகர் லீ ஜே. காப் – ஒரு நிகழ்வு ஆய்வு

1939-ல் வெளிவந்த 'கோல்டன் பாய்' படத்தில் மகனாக நடித்த வில்லியம் ஹோல்டனுக்கு 21 வயது. அப்பாவாக நடித்த லீ ஜே. காப்புக்கு 27. பத்து வருடம் கழித்து நியூயார்க்கின் பிராட்வே மேடையில் 'டெத் ஆஃப் எ சேல்ஸ்மேன்' நாடகத்தின் 63 வயது நாயகன் வில்லி லோமனாக நின்றபோது காப்புக்கு 37 முடிந்து இரண்டு மாதம்தான் ஆகியிருந்தது. மூத்த மகனாக நடித்த ஆர்தர் கென்னடி அவரைவிட இரண்டே வயது சின்னவர். மனைவியாக நடித்த மில்ட்ரெட் டன்னக்கோ கிட்டத்தட்ட 11 வயது மூத்தவர். 1952-ல் ஜான் கார்ஃபீல்டுக்கு அப்பா. கார்ஃபீல்ட் இவருக்குப் பதினைந்து மாதம் பின்னால் பிறந்தவர். 1963-ல் ஃபிராங்க் சினாட்ராவுக்கு அப்பா. வித்தியாசம் 4 வருடம், 4 நாள்.

சினிமாவில் இளைஞர்கள் கிழவர் வேஷம் போடுவது புதிதல்ல. ஆனால் ஒரே மனிதர் வாழ்நாள் முழுக்கத் தன் வயதொத்தவர்களுக்கு அப்பாவாக நின்று, அதைப் பார்த்தவர்கள் ஒருவருக்கும் அது வேஷமாகத் தோன்றாமல் போனது அபூர்வம். குணச்சித்திர நடிகர் என்று நாம் சொல்லும் அந்த வகையை அமெரிக்க மேடையிலும் திரையிலும் புரிந்துகொள்ள ஒரே ஒருவரை எடுத்துக்கொள்ளச் சொன்னால் நான் காப்பைத்தான் எடுப்பேன். அந்தக் கனம் அவரிடம் எங்கிருந்து வந்தது, அதை வைத்து அவர் என்ன செய்தார், நடுவில் 1953-ல் அவர் வாழ்க்கையில் நடந்த அந்தக் காரியம் என்ன? மூன்றையும் சேர்த்துத்தான் பார்க்க வேண்டியிருக்கிறது.

உடைந்த மணிக்கட்டு

1911 டிசம்பர் 8 அன்று நியூயார்க்கில் பிறந்தார். யூதக் குடும்பம். அப்பா பத்திரிகை அச்சகத்தில் அச்சுக் கோப்பவர். பையன் பெயர் லியோ, குடும்பப் பெயர் ஜேக்கப். அந்த இரண்டையும் கொஞ்சம் பிரித்து அடுக்கிப் பாருங்கள், லீ ஜே. காப் வந்துவிடும்.

சின்ன வயதில் வயலினில் நல்ல பெயர் வாங்கிய பிள்ளை. மணிக்கட்டு உடைந்தது, வயலினும் போயிற்று. மவுத் ஆர்கனும் நன்றாக வாசிப்பார். பதினாறு பதினேழு வயதில் வீட்டை விட்டு ஹாலிவுட்டுக்கு ஓடினார். சொல்லிக்கொள்ளும்படி ஒன்றும் கிடைக்காமல் திரும்பி வந்தார். 1935-ல் நியூயார்க்கின் குரூப் தியேட்டரில் சேர்ந்தார். அங்கிருந்துதான் கதை தொடங்குகிறது.

குரூப் தியேட்டர் 1931-ல் ஹெரால்ட் க்ளர்மன், செரில் கிராஃபர்ட், லீ ஸ்ட்ராஸ்பர்க் மூவரும் தொடங்கியது. நட்சத்திரம் கிடையாது, இன்றைக்குக் கதாநாயகனாக வருபவர் நாளைக்கு வேலைக்காரனாக வருவார். பொருளாதாரப் பெருமந்த காலம். வேலையில்லாத் திண்டாட்டமும் ஸ்ட்ரைக்கும் வீட்டு வாடகையும்தான் நாடகத்துக்கு விஷயம். நடிப்பில் உண்மை வேண்டும் என்று இரவு பகலாகப் பயிற்சி. அந்தக் கூட்டத்தில் பலர் இடதுசாரிகள், சிலர் கம்யூனிஸ்ட் கட்சி உறுப்பினர்கள். பின்னாளில் இயக்குநரான எலியா கஸான், நாடகாசிரியர் க்ளிஃபர்ட் ஓடெட்ஸ், நடிகர் ஜான் கார்ஃபீல்ட் எல்லாரும் அங்கேதான் இருந்தார்கள். பிற்பாடு நடந்தவை புரிய வேண்டுமென்றால் இவர்கள் ஒரே வீட்டுப் பிள்ளைகள் மாதிரி வளர்ந்தவர்கள் என்பதை நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும்.

ஓடெட்ஸ் எழுதிய 'கோல்டன் பாய்' 1937-ல் மேடையேறியது. வயலின் வாசிக்கும் ஏழைப் பையன் ஒருவன் பணத்துக்காகக் குத்துச்சண்டைக்குப் போய்க் கையை உடைத்துக்கொள்ளும் கதை. மணிக்கட்டு உடைந்து வயலினை விட்ட காப்புக்கு அதைவிட நெருக்கமான கதை இருக்க முடியாது. ஆனால் மேடையில் அவருக்குக் கிடைத்தது பக்கத்துக் கடைக்காரர் வேஷம்தான். இரண்டு வருடம் கழித்துப் படமானபோது அப்பா வேஷம் வந்தது. இத்தாலியிலிருந்து வந்து குடியேறிய எளிய மனிதர். மகனுக்காக ஆசையாக வயலின் வாங்கி வைத்திருப்பவர். இன்று பார்க்கும்போது அந்த இத்தாலிய உச்சரிப்பு கொஞ்சம் தூக்கலாகத்தான் இருக்கிறது. ஆனால் மகன் வயலினைத் தொட மறுக்கும்போது அந்த முகத்தில் வரும் தயக்கம் 27 வயசுக்காரனுடையது இல்லை.

கிழவனாகக் காட்ட மீசையும் நரைத்த முடியும் போதும் என்று நினைப்பவர்கள் உண்டு. காப் அதை உடம்பின் எடையில் செய்தார். நாற்காலியிலிருந்து எழுந்திருக்கும்போது முதலில் கை எழும், பிறகு தோள், கடைசியாகத்தான் இடுப்பு. குரல் அடிவயிற்றிலிருந்து ஏறி வரும். வாக்கியத்தின் கடைசிச் சொல்லில் மூச்சு தீர்ந்துபோகும். அப்பாக்கள் அப்படித்தான் பேசுவார்கள், இல்லையா?

வில்லி லோமன்

நாடகாசிரியர் ஆர்தர் மில்லர் 'டெத் ஆஃப் எ சேல்ஸ்மேன்' எழுதியபோது அவர் மனதில் இருந்த வில்லி ஒல்லியான, குள்ளமான ஆள். ஊர் ஊராகச் சரக்கு விற்று ஓய்ந்த சேல்ஸ்மேன். தன் முதுகுக்குப் பின்னால் ஒருவன் தன்னைக் 'கூனி இறால்' என்கிற மாதிரி கேலி செய்தான் என்று மனைவியிடம் சொல்லிக் குமுறுவான். அந்த வேஷத்துக்குக் காப்பின் உருவம் பொருந்தவே பொருந்தாது. ஆனால் காப் நாடகத்தைப் படித்துவிட்டுத் தன் சின்ன விமானத்தைத் தானே ஓட்டிக்கொண்டு வந்து, இது என் வேஷம், இவனை எனக்குத் தெரியும் என்று நின்றார். இயக்குநர் கஸான், பழைய குரூப் தியேட்டர் தோழர். காப்புக்கே வேஷம் போயிற்று. மில்லர் வசனத்தில் ஒரு சொல்லை மாற்றினார்: இறால் போய் வால்ரஸ் வந்தது, கொம்பு மாதிரி தந்தம் நீண்ட அந்தப் பெரிய பனிக்கடல் விலங்கு. அச்சான புத்தகத்தில் இன்றுவரை அந்தச் சொல் அப்படியே இருக்கிறது. 1984-ல் டஸ்டின் ஹாஃப்மன் வில்லியாக நடித்தபோது மறுபடி இறாலுக்குப் போனார்கள், ஹாஃப்மன் குள்ளம். ஒரு நடிகரின் உடம்பு இலக்கியப் பிரதிக்குள் போய் உட்கார்ந்துகொண்டது என்று சொல்ல இதைவிட நல்ல சான்று எனக்குத் தெரியாது.

ஒத்திகை பற்றி மில்லர் எழுதியதை நான் எத்தனை முறை படித்திருப்பேன் என்று கணக்கில்லை. 42-வது தெருவில் நியூ ஆம்ஸ்டர்டாம் கட்டடத்தின் மொட்டைமாடித் தியேட்டரில் ஒத்திகை நடக்கிறது. முதல் பத்து நாள் காப் ஒன்றுமே செய்யவில்லை. தரையைப் பார்த்து முணுமுணுப்பார், ஏதோ எருமை நடப்பது மாதிரி ஒரு மூலையிலிருந்து இன்னொரு மூலைக்குப் போவார். கூட நடிப்பவர்களுக்கு வயிற்றில் புளியைக் கரைத்தது. ஆள் தவறோ என்ற பயம் மில்லருக்கு. பொறுங்கள் என்றார் கஸான்.

அப்புறம் ஒரு நாள், வழக்கம்போல நாற்காலியிலிருந்து எழுந்து டன்னக்கின் பக்கம் திரும்பி, ஜனங்கள் பெருகிவிட்டார்கள், அதுதான் இந்த நாட்டைக் கெடுக்கிறது என்ற அந்த வசனத்தைக் கத்தினார். ஜன்னல் இருக்க வேண்டிய இடத்தில் வெறும் காற்றுதான் இருந்தது. காப் கையை நீட்டிய திசையில் அடுக்குமாடிக் கட்டடங்கள் எழும்பி வந்து நிற்பதுபோலத் தெரிந்தது என்கிறார் மில்லர். பின்வரிசையில் உட்கார்ந்திருந்த அவர் அழுதுவிட்டார். பத்து நாளாக அந்த மனிதர் சும்மா இருக்கவில்லை. வில்லியின் எடையை ஒவ்வொரு படியாக உடம்பில் ஏற்றிக்கொண்டிருந்தார்.

பிலடெல்பியாவில் முன்னோட்டக் காட்சிகள் நடந்த சமயம் எதிரே கச்சேரி மண்டபத்தில் பீத்தோவனின் ஏழாவது சிம்பொனி. மில்லரும் கஸானும் காப்பை அழைத்துப் போய் இருபுறமும் உட்கார்ந்து அதைக் கேட்க வைத்தார்கள். அந்த இசையின் ஏற்ற இறக்கம் அன்றைய நடிப்புக்கு உதவும் என்பது அவர்கள் எண்ணம். ஒரு காலத்தில் வயலினே வாழ்க்கை என்றிருந்த ஆள் நடுவில் உட்கார்ந்து கேட்டிருக்கிறார். அன்று அவர் மனதில் என்ன ஓடியிருக்கும் என்று யோசிக்காமல் இருக்க முடிவதில்லை. நாடகம் முடிந்ததும் அங்கே கைதட்டல் உடனே வரவில்லை. சிலர் எழுந்து கோட்டு மாட்டிக்கொண்டு மறுபடி உட்கார்ந்தார்கள். ஆண்கள் முகத்தைப் பொத்திக்கொண்டு அழுதார்கள். அப்புறம் தொடங்கிய கைதட்டல் நிற்கவே இல்லை.

1949 பிப்ரவரி 10 அன்று நியூயார்க்கின் மொரோஸ்கோ தியேட்டரில் முறையான அரங்கேற்றம். மொத்தம் 742 காட்சிகள் ஓடியது. நாடகத்துக்குப் புலிட்சர் பரிசு, டோனி விருது, கென்னடிக்கும் டோனி. காப்புக்கு இல்லை. சில மாதங்களில் களைத்துப்போய் அவர் விலகினார். தினமும் இரவு மனம் பேதலித்துத் தற்கொலைக்குப் போகும் ஒரு மனிதனாக மூன்று மணி நேரம் நிற்பது சாதாரண உழைப்பு இல்லை. 1951-ல் படமெடுத்தபோது டன்னக் இருந்தார், இளைய மகன் கேமரூன் மிட்சல் இருந்தார். வில்லி மட்டும் ஃபிரெட்ரிக் மார்ச். அதற்குள் காப்பின் பெயர் மேல் வேறு நிழல் விழுந்திருந்தது.

இருபது பெயர்கள்

இந்த ஆய்வில் எழுதவே கஷ்டமான பகுதி இதுதான்.

அமெரிக்க விரோத நடவடிக்கைகளை விசாரிக்க என்று அந்நாட்டுப் பிரதிநிதிகள் சபையில் ஒரு குழு இருந்தது. 1947-ல் அது கம்யூனிஸ்டுகளைத் தேடி ஹாலிவுட் பக்கம் திரும்பியது. பதில் சொல்ல மறுத்த பத்துப் பேர் சிறைக்குப் போனார்கள். ஸ்டூடியோக்கள் பயந்துபோய்க் கறுப்புப் பட்டியலைக் கடைப்பிடிக்க ஆரம்பித்தன. 1951-ல் இரண்டாம் சுற்று. நடிகர் லாரி பார்க்ஸ் மூடிய அறையில் சொன்ன பெயர்களில் காப்பின் பெயரும் ஒன்று.

நடைமுறை இதுதான். ஒருவர் பெயர் வந்துவிட்டால் வேலை குறையும், பிறகு நிற்கும். திரும்ப வேலை வேண்டுமென்றால் குழுவின் முன் போய், ஆமாம் நான் கட்சியில் இருந்தேன் என்று ஒப்புக்கொண்டால் மட்டும் போதாது; கூட இருந்தவர்கள் யார் என்று பெயர் சொல்ல வேண்டும். பெரும்பாலும் அந்தப் பெயர்கள் குழுவிடம் முன்பே இருந்தன. தெரியாததைத் தெரிந்துகொள்ள அவர்கள் கேட்கவில்லை; சொல்ல வைப்பதற்காகவே கேட்டார்கள்.

காப் இரண்டு வருடம் வாய் திறக்கவில்லை. அந்த இரண்டு வருடத்தின் நடுவே, 1952 மார்ச், ஏப்ரலில், ஓடெட்ஸ் தானே இயக்கி 'கோல்டன் பாய்' நாடகத்தை மறுபடி மேடையேற்றினார். திரையில் கதவு மூடினாலும் நாடகமேடை அவ்வளவு பயப்படவில்லை. குத்துச்சண்டைக்காரன் ஜோவாக ஜான் கார்ஃபீல்ட். 1937-ல் அவருக்கு வந்திருக்க வேண்டிய வேஷம் என்று நண்பர்கள் பல வருடம் சொல்லிக்கொண்டிருந்தது. அப்பாவாகக் காப். அண்ணனாக ஜாக் க்ளக்மன் என்ற புதுப் பையன். கார்ஃபீல்ட் முந்தைய வருடம் குழுவின் முன் போய் நண்பர் ஒருவர் பெயரைக்கூடச் சொல்லாமல் வந்திருந்தார். சினிமா வாய்ப்பு நின்றுபோயிருந்தது. ஓடெட்ஸ் அந்த மே மாதம் குழுவின் முன் பெயர்களைச் சொன்னார். மே 21 அன்று கார்ஃபீல்ட் மாரடைப்பில் இறந்தார். 39 வயது.

1953 ஜூன் 2 அன்று காப் குழுவின் முன் உட்கார்ந்தார். இருபது பேர் பெயரைச் சொன்னார்.

ஏன் சொன்னார் என்பதை அவரே பிற்காலத்தில் விளக்கியது விக்டர் நவாஸ்கியின் ஆய்வில் பதிவாகியிருக்கிறது. கையில் காசில்லை, கடன் கொடுக்க ஆளில்லை, மனைவி ஹெலன் பெவர்லி மனம் உடைந்து மருத்துவ விடுதியில், இரண்டு குழந்தைகள். ஓர் அரசாங்கத்தின் பலம் முழுவதும் ஒரு தனி மனிதன் மேல் திரும்பினால் எப்படி இருக்கும் என்று சொல்லியிருக்கிறார். அதற்காகச் சாகலாம் என்று தோன்றவில்லை, எனக்கு வேலை வேண்டியிருந்தது என்பதுதான் சாரம். தான் செய்தது சரி என்று அவர் சொல்லவில்லை என்பதை நான் குறித்துக்கொள்கிறேன். அதே சமயம், அந்த இருபது பேருக்கும் வீடு இருந்தது, வாடகை இருந்தது, குழந்தைகள் இருந்தார்கள். காப்பின் துன்பத்தை எழுதும்போது அவர்களை ஓரமாகத் தள்ளிவிட எனக்கு மனமில்லை. மில்லருக்கு அந்த முறை 1956-ல் வந்தது. அவர் பெயர் சொல்ல மறுத்தார், 1957-ல் தண்டிக்கப்பட்டார், 1958-ல் மேல்முறையீட்டில் அது ரத்தானது. வில்லியை எழுதியவர், இயக்கியவர், நடித்தவர் மூவரும் ஒரே கேள்விக்கு முன்னால் நின்றார்கள். இருவர் ஒரு பக்கம் போனார்கள், ஒருவர் இன்னொரு பக்கம்.

துறைமுகம்

சரி, வேலை திரும்பி வந்தது. அடுத்த குளிர்காலத்திலேயே நியூஜெர்சியின் ஹோபோகனில் 'ஆன் தி வாட்டர்ஃப்ரண்ட்' படப்பிடிப்பு. இயக்கம் கஸான், திரைக்கதை பட் ஷுல்பர்க். இருவரும் முன்பே குழுவிடம் பெயர் சொன்னவர்கள். கதையோ, துறைமுக யூனியனை ஆட்டிப்படைக்கும் ரவுடிக் கும்பலுக்கு எதிராக விசாரணைக் கமிஷன் முன் சாட்சி சொல்லும் ஒரு தொழிலாளி பற்றியது. சாட்சி சொல்லும் காட்சிகளில் தன் மனதைத்தான் வைத்தேன் என்று கஸான் பின்னால் வெளிப்படையாகவே எழுதினார். காப்புக்குக் கிடைத்தது அந்தக் கும்பலின் தலைவன் ஜானி ஃப்ரெண்ட்லி; காட்டிக்கொடுப்பவனைக் கண்டால் காறித் துப்புகிறவன். போன வருடம் குழுவின் முன் உட்கார்ந்தவர், இங்கே சாட்சியால் வீழ்த்தப்படுகிறவனாக நிற்கிறார்.

மதுக்கடையின் பின்னறைக் காட்சியை மட்டும் தனியாகப் போட்டுப் பாருங்கள். கோட்டின் மேல் பட்டன் வரை போட்டுக்கொண்டு, ஒரு கையில் சுருட்டு, இன்னொரு கையில் நோட்டுக் கட்டு. கன்னத்தில் தட்டிச் சிரிக்கிறான். அடுத்த நொடி கணக்கில் குறை வைத்தவனைப் பளார் என்று அறைகிறான். உடனே மார்லன் பிராண்டோவின் சட்டைக்குள் பாசமாக ஒரு நோட்டைத் திணிக்கிறான். பதினாறு வயதில் கப்பல் அடித்தளத்தில் வேலைக்குக் கெஞ்சியவன் நான், அங்கிருந்து சும்மா மேலே வரவில்லை என்று சொல்லும்போது குரலில் திமிர் மட்டும் இல்லை, பழைய பசியும் இருக்கிறது. பிராண்டோவுக்கு இவனும் ஒரு அப்பா மாதிரிதான். சின்ன வயதில் பேஸ்பால் ஆட்டம் பார்க்கக் கூட்டிக்கொண்டு போனவன். வெறும் வில்லனாக நடித்திருந்தால் அந்தப் படத்தின் துரோகம் பாதிகூட வலித்திருக்காது. அந்த வருடம் சிறந்த துணை நடிகர் ஆஸ்கர் பட்டியலில் ஐந்து பேரில் மூவர் இந்தப் படத்துக்காரர்கள்: காப், கார்ல் மால்டன், ராட் ஸ்டைகர். வென்றவர் நான்காமவர், எட்மண்ட் ஓபிரையன்.

1955-ல் மாரடைப்பு. 43 வயது. அப்போது உதவிக்கு வந்தவர் சினாட்ரா. 1948-ல் ஒரு படத்தில் சேர்ந்து நடித்ததைத் தவிரப் பெரிய நெருக்கம் கிடையாது. அப்படியிருந்தும் மருத்துவச் செலவைப் பார்த்துக்கொண்டார், குணமாகி எழுந்து நடமாடும் வரை தங்க இடம் கொடுத்தார். எட்டு வருடம் கழித்து 'கம் ப்ளோ யுவர் ஹார்ன்' படத்தில் மகன் சினாட்ராவை அப்பா காப் திட்டித் தீர்ப்பதைப் பார்க்கும்போது எனக்கு அந்த நாட்கள்தான் ஞாபகம் வரும்.

மூன்றாவது ஜூரி

மாரடைப்புக்கு அடுத்த வருடம், 1956 கோடையில், நியூயார்க்கில் '12 ஆங்ரி மென்' எடுக்கப்பட்டது. அப்பாவைக் கொன்றதாகக் குற்றம் சாட்டப்பட்ட ஒரு பையன் குற்றவாளியா இல்லையா என்று பன்னிரண்டு ஜூரிகள் ஓர் அறையில் உட்கார்ந்து முடிவு செய்யும் கதை. இயக்குநர் சிட்னி லூமெட்டுக்கு முதல் படம். ஒளிப்பதிவு 'வாட்டர்ஃப்ரண்ட்' செய்த போரிஸ் காஃப்மன். இரண்டு வாரம் ஒத்திகை, மூன்று வாரத்துக்குள் படப்பிடிப்பு. காப்புக்கு 44.

தமிழில் இந்தப் படத்தைப் பற்றிப் பேசுகிறவர்கள் பெரும்பாலும் ஹென்றி ஃபோண்டாவில் தொடங்கி ஃபோண்டாவில் முடிப்பார்கள். என் பார்வையில் படத்தின் முதுகெலும்பு மூன்றாவது ஜூரி. ஃபோண்டாவின் எட்டாவது ஜூரி தொடக்கத்தில் எப்படி இருந்தாரோ கிட்டத்தட்ட அப்படியே முடிவிலும் இருக்கிறார். உள்ளே ஒரு கதை நடப்பது காப்புக்குத்தான்.

அந்தக் கதை மொத்தமும் நான்கைந்து வாக்கியத்தில் வருகிறது. கடிதமும் பொட்டலமும் கொண்டுபோய்க் கொடுக்கும் கம்பெனி நடத்துகிறார், 37 பேர் வேலை செய்கிறார்கள், வெறுங்கையோடு ஆரம்பித்தது. ஒரு மகன். ஒன்பது வயதில் சண்டை ஒன்றிலிருந்து பயந்து ஓடி வந்தான். அதைப் பார்த்து அப்பாவுக்கு அவமானம். உன்னை ஆம்பளையாக்குகிறேன் என்று வளர்த்தார். பதினாறு வயதில் அந்தப் பையன் அப்பாவின் தாடையில் குத்திவிட்டான். இப்போது அவனுக்கு 22. பார்த்து இரண்டு வருடமாகிறது. காப் இதைச் சொல்லும்போது கையில் பர்ஸிலிருந்து எடுத்த போட்டோ இருக்கிறது. தாடை பற்றிச் சொல்லும் இடத்தில் பெருமையா, வலியா என்று பிரிக்க முடியாத ஒரு சிரிப்பு. பிள்ளை வளர்ப்பைப் பற்றி ஒரு வாக்கியத்தை ஆரம்பித்து முடிக்காமல் விட்டுவிடுகிறார்.

பிறகு பட்டன் கத்திக் காட்சி. குள்ளமான பையன் உயரமான அப்பாவை மேலிருந்து கீழாகக் குத்த முடியுமா என்று காட்ட வேண்டும். ஃபோண்டா எழுந்து எதிரில் நிற்கிறார். கொஞ்ச நேரத்துக்கு முன்புதான் காப் அவரைப் பார்த்துக் கொன்றுவிடுவேன் என்று கத்தியிருந்தார். கத்தியை ஓங்கியதும் மற்றவர்கள் பதறி எழுகிறார்கள். காப் நிதானமாக முட்டியை மடக்கித் தன் உயரத்தைக் குறைத்துக்கொள்கிறார். அந்த நொடியில் அவர் உடம்பு அப்பாவைக் குத்தும் மகனின் உடம்பாகிவிடுகிறது. அந்தக் கத்தியை அப்படிப் பிடிக்கவே மாட்டார்கள் என்று அடுத்து எழுந்து காட்டும் ஐந்தாவது ஜூரி யார் தெரியுமா? 'கோல்டன் பாய்' மேடையில் காப்புக்கு மூத்த மகனாக நின்ற அதே ஜாக் க்ளக்மன்.

லூமெட் வேலை செய்த முறை நடிகர்களைப் பிழிந்தெடுக்கும். ஒரு சுவரை நோக்கி விளக்கு வைத்தால், படம் முழுக்க அந்தச் சுவரைப் பார்க்கும் ஷாட்டுகளை எல்லாம் வரிசையாக எடுத்து முடித்துவிட்டுத்தான் விளக்கை நகர்த்துவார். ஃபோண்டாவும் காப்பும் மோதும் காட்சியில் ஒருவரின் முகம் இன்று எடுத்தால் மற்றவர் முகம் ஏழெட்டு நாள் கழித்து வரும். ஏழு நாளுக்கு முன் காப் எவ்வளவு சூட்டில் இருந்தார் என்பதைத் தன் மனதில் அப்படியே வைத்திருக்க வேண்டியிருந்தது என்று லூமெட் எழுதியிருக்கிறார். படம் போகப் போக அவர் லென்ஸின் குவியத்தூரத்தையும் கூட்டிக்கொண்டே போனார், கேமராவை இறக்கிக்கொண்டே வந்தார். சுவர்கள் நெருங்கி வரும், மேலே கூரை தெரியும். கடைசியில் அந்தக் கூரைக்குக் கீழே தனியாக நிற்பவர் காப்.

பதினொரு பேரும் குற்றமில்லை என்ற பக்கம் போயாயிற்று. காப் தன் வாதங்களை ஒவ்வொன்றாகத் திரும்பச் சொல்கிறார், யாரும் பதில் பேசவில்லை. பர்ஸை மேஜையில் எறிகிறார். போட்டோ வெளியே நழுவுகிறது. பார்க்கிறார். எடுத்துக் கிழிக்கிறார். கிழித்த பிறகுதான் என்ன செய்தோம் என்று புரிகிறது. மேஜை மேல் கவிழ்ந்து அழுகிறார். அப்புறம் வாயிலிருந்து வருவது இரண்டே சொல்: குற்றவாளி இல்லை. எல்லாரும் போன பின் ஃபோண்டா கோட்டை எடுத்து வந்து அவருக்கு மாட்டிவிடுகிறார். கோபக்காரரைக் கோபக்காரராகக் காட்ட நூறு பேர் உண்டு. அந்தக் கோபத்துக்குக் கீழே இருக்கும் அன்பைக் கெட்டுப்போன நிலையிலேயே, அழகுபடுத்தாமல் காட்ட எனக்குத் தெரிந்து இவர் ஒருவர்தான்.

பிறகு

1958-ல் 'பிரதர்ஸ் கரமசோவ்' படத்தில் தகப்பனாக நடித்து இன்னொரு ஆஸ்கர் பரிந்துரை. பரிசு பர்ல் ஐவ்ஸுக்குப் போயிற்று. 1962 முதல் 1966 வரை 'தி வர்ஜீனியன்' என்ற தொலைக்காட்சித் தொடரில் பண்ணை முதலாளி ஜட்ஜ் கார்த். வாரா வாரம் 90 நிமிடத் தொடர். வீட்டுக்கு வீடு முகம் தெரிந்தது, நடிப்புக்கு அதில் பெரிய வேலை இல்லை.

அதிலிருந்து விலகிய 1966-லேயே சிபிஎஸ் தொலைக்காட்சிக்காக வில்லி லோமனைத் திரும்ப எடுத்தார். மனைவியாக அதே டன்னக். காப்புக்கு இப்போது 54. முதல்முறை வயதைத் தேடி உடம்பைக் குனிய வைத்தவர், இம்முறை ஒன்றும் தேட வேண்டியிருக்கவில்லை. 1949 மேடையைப் பார்க்கக் கொடுத்துவைக்காத நமக்கு அந்த ஒளிப்பதிவுதான் மிச்சம். 1968-ல் நியூயார்க்கின் லிங்கன் சென்டர் மேடையில் லியர் மன்னனாக நடித்தார். அதுவும் பிள்ளைகளைத் தப்பாகப் புரிந்துகொண்ட ஒரு தகப்பன்தான்.

1976 பிப்ரவரி 11 அன்று லாஸ் ஏஞ்சலிஸில் மாரடைப்பில் இறந்தார். 64 வயது. வில்லி லோமனைவிட ஒரு வயது கூட.

அதற்கு மூன்று வருடம் முன்பு வந்த 'தி எக்ஸார்சிஸ்ட்' படத்தில் அவருக்குப் போலீஸ் அதிகாரி வேஷம். பெயர் கிண்டர்மன். பேய்ப் படம் என்று பயந்து பார்த்தவர்களுக்குக் கூட இந்த ஆள் வந்தால் கொஞ்சம் மூச்சு வரும். நடிகை ஒருத்தியிடம் விசாரணைக்குப் போய், முடிந்து கிளம்பும்போது தயங்கித் தயங்கி ஆட்டோகிராஃப் கேட்கிறார். மகளுக்கு என்கிறார். உடனே, இல்லை பொய், எனக்குத்தான் என்கிறார். கத்தல் இல்லை, மேஜையில் குத்துவது இல்லை. முப்பது வருடமாகச் சுமந்த அப்பா கனம் அப்படியே இருக்கிறது, ஆனால் இறக்கி வைத்த மாதிரி.

அதே கிண்டர்மன் ஓட்டப்பந்தய மைதானத்தில் பாதிரியார் கரஸைப் பார்க்கப் போகிறார். கரஸ் ஒரு காலத்தில் குத்துச்சண்டை போட்டவர். பக்கத்தில் நடந்துகொண்டே முகத்தைப் பார்த்து, நீங்கள் பாக்ஸர் மாதிரி இருக்கிறீர்கள் என்று பேச்சுக் கொடுக்கிறார். யார் மாதிரி தெரியுமா, 'பாடி அண்ட் சோல்' படத்து ஜான் கார்ஃபீல்ட் மாதிரி, அச்சு அசலாகக் கார்ஃபீல்ட் என்கிறார். அந்தப் பெயருக்கு உரியவர் இறந்து அப்போது 21 வருடம் ஆகியிருந்தது. அவர் கடைசியாக மேடையேறிய நாடகத்தில், குத்துச்சண்டைக்காரனான அந்த மகனுக்கு அப்பாவாக எதிரில் நின்றவர் காப்.